மடை திறக்கும் மாத்திரை

எங்கள் தெருவில் எதிரெதிரே இரண்டு வீடுகள். ஒரு வீட்டில் மூன்றாம் வகுப்புப் படிக்கும் பையன். அவனுடைய புத்தகப் பையில் பென்சில் டப்பாவுக்குப் பக்கத்தில் மூக்கில் அடிக்கும் சின்ன ஸ்பிரே ஒன்று எப்போதும் இருக்கும். வகுப்பில் வலிப்பு வந்துவிட்டால் எப்படி அடிக்க வேண்டும் என்று அவன் அம்மா டீச்சரிடம் இரண்டு தடவை செய்து காட்டிவிட்டு வந்திருக்கிறார். எதிர்வீட்டில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர். கணவர் தவறிய புதிதில் தூக்கமே வரவில்லை என்று போனவருக்குப் பத்து நாளைக்கு எழுதிக் கொடுத்த மாத்திரையை, பதினோரு வருடமாகப் பாதி பாதியாக உடைத்துப் போட்டுக்கொண்டிருக்கிறார். பையனின் ஸ்பிரேயும் ஆசிரியையின் அரை மாத்திரையும் ஒரே குடும்பத்து மருந்து. இரு வீட்டாருக்கும் அது தெரியாது.

பென்சோடயசெபைன் என்பது அந்தக் குடும்பத்தின் பெயர். டயசெபாம், லோரசெபாம், குளோனசெபாம், நைட்ரசெபாம், குளோபசாம், அல்பிரசோலாம், மிடசோலாம் எல்லாம் அதன் பிள்ளைகள். அட்டையைத் திருப்பி மருந்தின் பெயரைப் படித்தால் வால் பகுதியே காட்டிக்கொடுத்துவிடும். நம் ஊரில் இவை அனைத்துக்கும் சேர்த்து ‘தூக்க மாத்திரை’ என்று ஒரே பேர். அந்தப் பேர் பாதி உண்மை. வலிப்பை நிறுத்துவது, பதற்றத்தைத் தணிப்பது, இறுகிய தசையைத் தளர்த்துவது, அறுவை சிகிச்சைக்கு முன் மனத்தை அமைதிப்படுத்துவது, குடியை விடுபவரின் கைநடுக்கத்தை அடக்குவது என இத்தனை வேலையும் இக்குடும்பம் செய்கிறது.

இது பிறந்த கதை அமெரிக்காவில், நியூ ஜெர்சி மாநிலத்து நட்லி என்ற ஊரில் நடந்தது. ரோஷ் மருந்து நிறுவனத்தின் ஆய்வுக்கூடம் அங்கே இருந்தது. லியோ ஸ்டெர்ன்பாக் அங்கே வேதியியலாளர். 1908-ல் ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசில் பிறந்த யூதர். போலந்தின் கிராக்கோவில் படித்தவர். ஹிட்லரின் நிழல் ஐரோப்பா முழுக்க விழுந்த 1941-ல் சுவிட்சர்லாந்திலிருந்து அமெரிக்கா போய்ச் சேர்ந்தவர். 1950-களில் மனப் பதற்றத்துக்கு ஒரு புது மருந்து வேண்டும் என்று நிறுவனம் கேட்டது. கிராக்கோவில் இளைஞராக இருந்தபோது தாம் கையாண்ட பழைய வேதிப்பொருள்களை ஸ்டெர்ன்பாக் மறுபடி எடுத்தார். அவற்றிலிருந்து நாற்பது பொருள்கள்வரை செய்து பார்த்தார். ஒன்றும் பலிக்கவில்லை. கடைசியாகச் செய்த ஒன்று சோதனைக்கே போகாமல் அலமாரியில் தங்கிவிட்டது. வேறு வேலையைப் பாருங்கள் என்று மேலிடத்திலிருந்து உத்தரவும் வந்தது.

1957-ல் மேசையை ஒழித்துச் சுத்தம் செய்யும்போது உடன் வேலை பார்த்த ஏர்ல் ரீடரின் கண்ணில் அந்த வெள்ளைப் படிகத் தூள் பட்டது. தூக்கிப் போடுவதற்கு முன் ஒருமுறை சோதித்துவிடுவோம் என்று அனுப்பினார்கள். எலிக்கும் பூனைக்கும் கொடுத்துப் பார்த்த லோவெல் ராண்டல், விலங்குகள் சாந்தமானதையும் தசைகள் தளர்ந்ததையும் கண்டார். அதுவே 1960-ல் லிப்ரியம் என்ற பெயரில் கடைக்கு வந்தது. அதைவிட வீரியமான தம்பி டயசெபாம், 1963-ல் வாலியம் என்ற பெயரில் வந்தது.

அன்றைய மருத்துவர்கள் இதை ஏன் இரு கை நீட்டி வரவேற்றார்கள் என்பதைப் புரிந்துகொள்ள, அதற்கு முன் என்ன இருந்தது என்று பார்க்க வேண்டும். பதற்றத்துக்கும் தூக்கத்துக்கும் அப்போது பார்பிட்டுரேட் வகை மருந்துகளே கதி. தூங்க வைக்கும் அளவுக்கும் மூச்சை நிறுத்தும் அளவுக்கும் இடையில் அதில் இடைவெளி குறைவு. 1962-ல் நடிகை மர்லின் மன்றோ இறந்தது அந்த வகை மருந்து உடலில் மிகுந்ததால்தான். பென்சோடயசெபைனைத் தனியாக அதிகம் விழுங்கியவர்களோ பெரும்பாலும் ஆழ்ந்து தூங்கி எழுந்துவிட்டார்கள்.

இந்த வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்பதுதான் இந்த மருந்தின் அறிவியலில் எனக்கு மிகப் பிடித்த இடம். மூளையின் நரம்பு அணுக்கள் ஒன்றையொன்று ஓயாமல் தூண்டிக்கொண்டே இருக்கின்றன. தூண்டல் மட்டுமே இருந்தால் ஒரு நொடியில் மூளை முழுக்கத் தீப்பிடித்தாற்போல் ஆகிவிடும். அதைத் தணிக்க மூளையே சுரக்கும் பொருள் காபா. மூளையில் அது இருப்பது 1950-ல் தெரியவந்தது. நரம்பணுவின் தோலில், ஐந்து புரதத் துண்டுகள் வட்டமாகக் கைகோத்து நிற்க, நடுவே நுண்ணிய வாய்க்கால் ஒன்று இருக்கிறது. அதை ஒரு மடை என்று வைத்துக்கொள்ளுங்கள். வயலுக்கு மடை திறந்துவிடும் நீர்க்கட்டி என்ற ஆள்தான் காபா. அது வந்து தொட்டால் மடை திறக்கும். குளோரைடு அயனிகள் உள்ளே பாயும். நரம்பணு தணிந்து அமைதியாகும்.

பென்சோடயசெபைன் நீர்க்கட்டியின் இடத்தைப் பிடிப்பதில்லை. அதே மடையில் வேறொரு மூலையில் போய் ஒட்டிக்கொள்கிறது. அது ஒட்டியிருக்கும்போது காபா தொட்டால் மடை வழக்கத்தைவிட அடிக்கடி திறக்கிறது. காபா வராவிட்டால் இந்த மருந்தால் மட்டும் ஒன்றும் ஆகாது. பார்பிட்டுரேட் அப்படியல்ல; மடையைத் திறந்தபடி நெடுநேரம் பிடித்துவைக்கும்; அளவு கூடினால் நீர்க்கட்டி இல்லாமலே பலகையைப் பிடுங்கிவிடும். மூளையின் சொந்தக் காபாவை மீறிப் போக முடியாது என்ற கட்டுப்பாடுதான் பென்சோடயசெபைனின் பாதுகாப்பு. கடைக்கு வந்து பதினேழு ஆண்டுகள் கழித்து, 1977-ல்தான் மூளையில் இம்மருந்து ஒட்டும் இடத்தைக் கோபன்ஹேகனிலும் பாசெலிலும் இரண்டு குழுவினர் தனித்தனியாகக் கண்டுபிடித்தார்கள்.

அந்தப் பாதுகாப்பு ஒரு நிபந்தனையோடு வருகிறது. மதுவும் இதே மடையில்தான் கைவைக்கிறது. மார்ஃபின் வகை வலிநிவாரணிகள் வேறு வழியில் மூச்சை மந்தப்படுத்துகின்றன. இவற்றில் ஒன்றோடு இந்த மாத்திரையைச் சேர்த்துப் போட்டவர்கள் தூக்கத்திலேயே மூச்சடங்கிப் போயிருக்கிறார்கள்.

வலிப்புக்கு வருவோம். 1965-ல் பிரான்சின் ஆன்ரி காஸ்டோவும் அவருடைய குழுவினரும், நிற்காமல் தொடரும் வலிப்பை நரம்பில் செலுத்திய டயசெபாம் நிறுத்துவதை எழுதி வெளியிட்டார்கள். வலிப்பில் பெரும்பாலானவை இரண்டு மூன்று நிமிடத்தில் தானாகவே அடங்கிவிடும். கைகால் வெட்டி இழுக்கும் வலிப்பு ஐந்து நிமிடத்தைத் தாண்டினால் அது தானாக நிற்கும் வாய்ப்புக் குறைந்துவிடுகிறது. அரை மணி தாண்டினால் மூளைக்கே நிரந்தரச் சேதம் நேரலாம். எனவே ஐந்தாம் நிமிடம் என்பது மருத்துவ உலகம் போட்டிருக்கும் கோடு.

ஏன் இத்தனை அவசரம்? வலிப்பு நீள நீள, நரம்பணு தன் தோலிலிருக்கும் மடைகளையே ஒவ்வொன்றாக உள்ளே இழுத்துக்கொள்கிறது. மருந்து ஒட்டுவதற்கு இடம் இல்லாமல் போகிறது. ஐந்தாம் நிமிடத்தில் கேட்கும் மருந்து நாற்பதாம் நிமிடத்தில் கேட்காமல் போவது இதனால்தான். ஆம்புலன்ஸ் வரட்டும், ஆஸ்பத்திரி போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று காத்திருக்கும் ஒவ்வொரு நிமிடமும் மருந்தின் பலத்தைக் குறைக்கிறது.

2012-ல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்று இதை அழகாக நிறுவியது. 893 நோயாளிகள். ஆம்புலன்ஸ் ஊழியர்கள் ஒரு பிரிவினருக்குத் தொடையில் மிடசோலாம் ஊசி போட்டார்கள். இன்னொரு பிரிவினருக்குக் கையில் நரம்பு பிடித்து லோரசெபாம் செலுத்தினார்கள். உடலுக்குள் போனபின் லோரசெபாம்தான் வேகமாக வேலை செய்தது. ஆனால் துடிக்கும் கையில் நரம்பு கிடைக்க வேண்டுமே! அதில் கிட்டத்தட்ட ஐந்து நிமிடம் போயிற்று. தொடை ஊசி ஒன்றேகால் நிமிடத்துக்குள் போடப்பட்டுவிட்டது. ஆஸ்பத்திரி சேர்ந்தபோது வலிப்பு நின்றிருந்தவர்கள் தொடை ஊசிப் பிரிவில் 73 சதவீதம், நரம்பு ஊசிப் பிரிவில் 63 சதவீதம். லோரசெபாம் ஊசி மருந்தைக் குளிர்பெட்டியில் வைத்துக் காக்க வேண்டும்; மிடசோலாமுக்கு அது தேவையில்லை. நம் வெயிலுக்கு இது சின்ன விஷயமல்ல.

நரம்பும் வேண்டாம், ஊசியும் வேண்டாம் என்ற நிலைக்கு இன்று வந்திருக்கிறோம். மூக்கில் அடிக்கும் மிடசோலாம் ஸ்பிரேயை வீட்டிலேயே, வகுப்பறையிலேயே, பஸ்ஸிலேயே பயன்படுத்தலாம். எத்தனை முறை அடிப்பது என்பது வயதையும் எடையையும் பொறுத்தது. டாக்டர் எழுதித் தந்த சீட்டு ஸ்பிரேயோடு கூடவே இருக்க வேண்டும். தெருவில் யாராவது விழுந்து துடித்தால் இன்றும் நாம் முதலில் தேடுவது சாவிக்கொத்தை. இரும்பு எதையும் நிறுத்துவதில்லை. ஆளை ஒருக்களித்துப் படுக்க வைத்து, சட்டைக் கழுத்தைத் தளர்த்தி, வாயில் எதையும் திணிக்காமல், கைகாலை அழுத்திப் பிடிக்காமல், கடிகாரத்தைப் பாருங்கள். அந்த நேரத்தில் மிகவும் தேவையான கருவி கடிகாரம்தான்.

அன்றாடம் வலிப்பு வராமல் தடுக்கும் பணியில் பென்சோடயசெபைன் பெரும்பாலும் துணை மருந்துதான். வால்புரோயேட், லெவட்டிரசெட்டம், கார்பமசெபைன் போன்றவையே முதல் வரிசை. அவை போதாதபோது குளோபசாம் சேரும். காய்ச்சல் வந்தாலே வலிப்பு வரும் சில குழந்தைகளுக்கு, காய்ச்சல் அடிக்கும் இரண்டு மூன்று நாளுக்கு மட்டும் குழந்தை மருத்துவர்கள் அதை எழுதுகிறார்கள். சரியான சிகிச்சை கிடைத்தால் வலிப்பு நோயாளிகளில் 70 சதவீதம் பேர்வரை வலிப்பின்றி வாழ முடியும் என்கிறது உலக சுகாதார நிறுவனம்.

இனி எதிர்வீடு. திடீரென்று நெஞ்சு படபடத்து, உயிரே போய்விடும்போல் பயம் வந்து, இசிஜி எடுத்துப் பார்த்தால் இதயத்தில் ஒன்றுமில்லை என்று திரும்பி வருபவர்கள் உண்டு. அவர்களுக்கு அல்பிரசோலாம், குளோனசெபாம் போன்றவை ஒரு மணி நேரத்துக்குள் ஆறுதல் தரும். பதற்ற நோய்க்கு நீண்டகால மருந்தாக இன்று தரப்படும் செர்ட்ரலின், எஸ்சிட்டலோபிராம் போன்றவை வேலை செய்யத் தொடங்கச் சில வாரம் ஆகும். அந்த இடைவெளியைக் கடக்க ஒரு பாலமாகப் பென்சோடயசெபைனைக் கொடுப்பது நல்ல மருத்துவம்தான். ஆனால் பாலத்தின் மேலேயே வீடு கட்டிக் குடியேறிவிடுகிறோம்.

வாரக்கணக்கில் தினமும் மருந்து வந்தால் மூளை சும்மா இருக்காது. மடைகளின் அமைப்பையே மாற்றிக்கொள்ளும். காபாவின் சொல்லுக்கு முன்போல் அசையாது. முன்பு அரை மாத்திரைக்கு வந்த தூக்கம் இப்போது ஒன்றுக்கு வரும். அந்த நிலையில் ஒருநாள் சட்டென்று நிறுத்தினால், தணிக்கும் கை தளர்ந்திருக்க, தூண்டும் கை ஓங்கிவிடும். தூக்கம் போகும், கை நடுங்கும், ஒலியும் வெளிச்சமும் சகிக்காது, பழைய பதற்றம் இரண்டு மடங்காகத் திரும்பும். வாழ்நாளில் வலிப்பே கண்டிராதவருக்கும் வலிப்பு வரும். வலிப்பை நிறுத்தும் மருந்தே வலிப்பை வரவழைக்கும் விபரீதம் இது.

இது பின்னாளில் தெரியவந்த ரகசியம் அல்ல. லிப்ரியம் கடைக்கு வந்த மறு ஆண்டே, 1961-ல், லியோ ஹாலிஸ்டர் என்ற அமெரிக்க மருத்துவர் எழுதிவிட்டார். அதிக அளவில் பல மாதம் அதை எடுத்த பதினோரு பேருக்குத் திடீரென நிறுத்தியபோது பத்துப் பேர் அவதிப்பட்டார்கள், இருவருக்கு வலிப்பு வந்தது. உலகம் அதைக் காதில் வாங்கவில்லை. 1978-ல் அமெரிக்காவில் விற்ற வாலியம் மாத்திரைகள் 200 கோடிக்கு மேல். வீட்டு வேலையில் நொந்துபோன பெண்களுக்கு விளம்பரம் போட்டு விற்றார்கள். பிரிட்டன் விழித்துக்கொண்டு, இரண்டிலிருந்து நான்கு வாரத்துக்கு மேல் வேண்டாம் என்று சொன்னது 1988-ல். அமெரிக்கா தன் மிகக் கடுமையான எச்சரிக்கையை இந்தக் குடும்பம் முழுமைக்கும் அச்சிடச் சொன்னது 2020-ல். அறிந்த உண்மை மருந்து அட்டைக்கு வர அறுபது ஆண்டுகள் ஆனதை என்னால் எளிதாக எடுத்துக்கொள்ள முடியவில்லை.

இங்கிலாந்தின் நியூகாசில் நகரில் ஹெதர் ஆஷ்டன் என்ற பேராசிரியை, இந்த மாத்திரையிலிருந்து மீள நினைத்தவர்களுக்காகவே 1982 முதல் 1994 வரை ஒரு சிகிச்சையகம் நடத்தினார். நோயாளிகள் சொன்னதை நம்பிக் கேட்டு, சிறுகச் சிறுக, மாதக் கணக்கில் அளவைக் குறைக்கும் முறையை வகுத்தார். உடலில் மெதுவாகக் கரையும் டயசெபாமுக்கு மாற்றி, அதிலிருந்து படிப்படியாக இறங்குவது அவர் வழி. இன்றும் பல நாடுகளின் மருத்துவர்கள் அந்தத் தடத்தில்தான் நடக்கிறார்கள்.

நம் நாட்டில் டயசெபாம், அல்பிரசோலாம், மிடசோலாம் போன்றவை 2013-ல் கொண்டுவந்த ஹெச்1 அட்டவணையில் இருக்கின்றன. மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது. யார் எழுதினார், யார் வாங்கினார், எத்தனை என்று கடைக்காரர் தனிப் பதிவேட்டில் எழுதி மூன்று ஆண்டு வைத்திருக்க வேண்டும். பழைய சீட்டைக் காட்டியும், தெரிந்த கடை என்றும் வாங்குவது நடக்கத்தான் செய்கிறது. வயதானவர்கள் இதில் கூடுதலாகத் துன்பப்படுகிறார்கள். முதிய உடலில் மருந்து கரைய நாளாகும், இரவில் எழுந்து நடக்கும்போது தள்ளாடி விழுவார்கள், இடுப்பெலும்பு முறியும், மறதி கூடும்.

எதிர்வீட்டு ஆசிரியையிடம் இதையெல்லாம் சொன்னபோது, “அப்படியா? நாளையிலிருந்து போடவே மாட்டேன், போ!” என்றார். பதறிப்போய்த் தடுத்தேன். அடுத்த வாரம் அவரை மனநல மருத்துவரிடம் கூட்டிப்போனோம். மருத்துவர் ஒரு தாளில் கட்டம் போட்டு, எந்த வாரம் எவ்வளவு என்று எழுதிக் கொடுத்தார். முடிய எட்டு மாதம் ஆகும் என்றார். இப்போது மூன்றாவது மாதம்.

உங்கள் வீட்டில் வலிப்பு வரும் பிள்ளை இருந்தால், அவசர மருந்தை வீட்டில் வைத்துக்கொள்ளலாமா என்று அடுத்த முறை டாக்டரிடம் நீங்களே கேளுங்கள். உங்கள் வீட்டுப் பெரியவர் தினமும் தூக்க மாத்திரை போடுகிறவராக இருந்தால், அட்டையில் இருக்கும் பெயரைப் படியுங்கள். அது இந்தக் குடும்பத்து மருந்தாக இருந்தால், அட்டையை அவரிடமிருந்து பிடுங்காதீர்கள். அட்டையோடு அவரை மருத்துவரிடம் அழைத்துப் போங்கள்.