பேரழிவின் நடுவே நகைச்சுவை

லட்சக்கணக்கானோர் மடிந்த வரலாற்றைப் படமாக்கும்போது நகைச்சுவைக்கு இடமுண்டா என்ற கேள்வி, நாஜிக் கொடுமைகளைப் பற்றிய படங்களில்தான் மிகக் கூர்மையாக எழுந்தது. ஹிட்லரைக் கேலிப்பொருளாக்கிய சார்லி சாப்ளினின் ‘தி கிரேட் டிக்டேட்டர்’ 1940-ல் வெளியானது. அப்போது அமெரிக்கா போரில் இறங்கியிருக்கவில்லை. சர்வாதிகாரி ஹிங்கல், அவனைப் போலவே தோற்றமுள்ள யூத முடிதிருத்துநர் என இரண்டு வேடங்களிலும் சாப்ளினே நடித்தார். உலக உருண்டை பலூனைத் தட்டித் தட்டி ஹிங்கல் ஆடும் காட்சியில் வசனமே இல்லை. அதிகார வெறி முழுவதும் அதில் தெரிந்துவிடுகிறது. ஆனால் வதைமுகாம்களில் நடந்தவை முன்பே தெரிந்திருந்தால் இந்தப் படத்தை எடுத்திருக்க முடியாது என்று 1964-ல் வெளிவந்த தன்வரலாற்றில் சாப்ளின் எழுதினார்.

பெர்லினில் பிறந்த யூதரான எர்ன்ஸ்ட் லூபிட்ச், 1942-ல் ‘டு பி ஆர் நாட் டு பி’ படத்தைத் தந்தார். வார்சா நாடகக் குழுவினர் நாஜிகளாக வேடமிட்டு, நாஜி ரகசியக் காவல்துறையான கெஸ்டபோவை ஏமாற்றும் கதை இது. ஒரு நடிகர் ஷேக்ஸ்பியரைப் படுத்திய பாட்டைத்தான் நாங்கள் போலந்தைப் படுத்துகிறோம் என்று ஒரு கெஸ்டபோ அதிகாரி சொல்லும் இடம் விமர்சகர்களைக் கொதிக்கவைத்தது. அந்தக் கோபம் புரிந்துகொள்ளத்தக்கது. என்றாலும் அங்கே நகைப்புக்குள்ளாவது போலந்து மக்களின் துயரம் அல்ல, அதைப் பெருமையாகப் பேசும் அதிகாரிதான்.

ராபர்ட்டோ பெனினியின் ‘லைஃப் இஸ் பியூட்டிஃபுல்’ (1997) இன்னும் ஆபத்தான இடத்துக்கு, முகாமுக்குள்ளேயே போகிறது. எல்லாமே விளையாட்டு, ஆயிரம் புள்ளி எடுத்தால் பீரங்கி வண்டி பரிசு என்று தந்தை கீதோ தன் மகனை நம்பவைக்கிறான். காவலர் ஜெர்மன் மொழியில் உறுமும் உத்தரவுகளை, மொழி தெரியாமலேயே, விளையாட்டு விதிகளாக ‘மொழிபெயர்க்கிறான்’. பார்ப்பவர் சிரிக்கும்போதே கீதோவின் பயமும் தெரிகிறது. படத்தின் வலிமை அதுதான். பெனினியின் தந்தையும் ஜெர்மன் தொழிலாளர் முகாமில் அடைபட்டிருந்தவர். படத்துக்குச் சிறந்த நடிகர் உட்பட மூன்று ஆஸ்கர் விருதுகள் கிடைத்தன. ஆனாலும் எதிர்ப்பு அடங்கவில்லை. உண்மையான மரண முகாம்களில் சிறு குழந்தைகள் பெரும்பாலும் வந்திறங்கிய உடனேயே கொல்லப்பட்டனர். படத்தில் வரும் மகனைப் போல ஒளிந்து பிழைக்கும் வாய்ப்பு மிக அரிது. பசியையும் நோயையும் படம் மென்மையாக்கிவிட்டது என்ற குற்றச்சாட்டு நியாயமானதே.

அண்மைக் காலத்தில், கொடுங்கோன்மையை நகைச்சுவையாகப் படமாக்கும் இந்த வழக்கம் நாஜி ஜெர்மனியைத் தாண்டியும் சென்றது. அர்மாண்டோ இயானுச்சியின் ‘தி டெத் ஆஃப் ஸ்டாலின்’ (2017), தலைவர் இறந்ததும் பதவிக்காக முட்டிமோதும் சகாக்களைக் கேலி செய்கிறது. கைதிகள் சுடப்படும் காட்சிகளிலோ கேலி இல்லை. 2018 ஜனவரியில், திரைக்கு வரவிருந்த நிலையில், ரஷ்ய அரசு அதன் உரிமத்தை ரத்து செய்தது.