பழைய நிலைக்குத் திரும்புவது எப்படி?
கணினி விளையாட்டுகளின் அமைப்புகளும் நம் வகுப்பறையும்

ஏழாம் வகுப்பு அறிவியல் பாடநூலில் டக்ஸ் பெயின்ட், டக்ஸ் மேத் ஆகிய இரு மென்பொருள்களை மாணவர்கள் சந்திக்கிறார்கள். பத்தாம் வகுப்பு அறிவியலில் ஸ்கிராட்ச் வருகிறது. மூன்றும் கட்டணமின்றிக் கிடைப்பவை. மூன்றிலும் விளையாட்டு உண்டு. ஒன்று படம் வரைய, ஒன்று கணக்குப் போட, ஒன்று சொந்தமாக விளையாட்டு உருவாக்க.

நம் பள்ளிகளில் கணினி குறைவு, கை அதிகம். முதல் பாடவேளையில் ஒரு பிரிவு அமர்ந்த கணினியில் அடுத்த பாடவேளையில் வேறொரு பிரிவு அமர்கிறது. முன்னால் அமர்ந்தவர் ஒலியை நிறுத்தியிருப்பார், மொழியை மாற்றியிருப்பார், திரையைச் சிறிதாக்கியிருப்பார். அடுத்து வரும் பிள்ளைக்கு என்ன நடந்தது என்று தெரியாது. திரையில் உள்ளதைப் படிக்க முடியாமல் கொஞ்ச நேரம் சுட்டியை நகர்த்திப் பார்க்கும். பிறகு பக்கத்துப் பிள்ளை செய்வதை வேடிக்கை பார்க்கத் தொடங்கும். வாரத்துக்கு ஒரு முறை கிடைக்கும் வாய்ப்பு அப்படியே போய்விடும்.

திருப்பூர்ப் பகுதிப் பள்ளிகளில் இது இன்னும் கூர்மையான சிக்கல். பனியன் கம்பெனி வேலைக்காக ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த குடும்பங்களின் பிள்ளைகள் இங்கே நம் வகுப்புகளில் இருக்கிறார்கள். தமிழ் எழுத்தை இப்போதுதான் கூட்டிப் படிக்கும் பிள்ளையும், ஆங்கிலம் படிக்கத் தடுமாறும் பிள்ளையும் ஒரே கணினியை மாறி மாறிப் பயன்படுத்துகிறார்கள். ஆகவே அமைப்புகளைப் பழைய நிலைக்குக் கொண்டுவரத் தெரிந்திருப்பது ஆசிரியருக்கு ஒரு கற்பித்தல் திறன்தான். அதற்குச் சில நிமிடங்கள் போதும். ஆனால் எதை அழிக்கிறோம், எதை விட்டுவைக்கிறோம் என்பது தெரிந்திருக்க வேண்டும்.

மூன்றையும் பிரித்துப் பாருங்கள்

எந்த விளையாட்டு மென்பொருளிலும் மூன்று பகுதிகள் தனித்தனியே இருக்கின்றன. முதலாவது, நிரல். இரண்டாவது, அமைப்புகள்: மொழி, ஒலி, திரை அளவு, கடினநிலை, விசைகளின் வேலை போன்றவை. மூன்றாவது, விளையாடியவரின் உழைப்பு: சேமித்த படம், எட்டிய நிலை, பெற்ற மதிப்பெண்.

இதை நம் பிள்ளைகளுக்கு விளக்க ஓவர்லாக் மெஷினைவிட நல்ல எடுத்துக்காட்டு வேண்டியதில்லை. மெஷின்தான் நிரல். நூல் இறுக்கத்தைக் கூட்டிக் குறைக்கும் திருகும், தையல் நெருக்கத்தை மாற்றும் வசதியும் அமைப்புகள். தைத்து அடுக்கிய பீஸ்கள் உழைப்பு. திருகைத் தவறாகத் திருப்பினால் அடுத்த தையல் சுருங்கும் அல்லது தொளதொளக்கும். அதனால் மெஷின் கெட்டுவிடுவதில்லை. ஏற்கெனவே தைத்த பீஸ்கள் பிரிந்துவிடுவதுமில்லை. திருகைச் சரியான இடத்துக்குத் திருப்பினால் போதும்.

விளையாட்டு மென்பொருளிலும் நமக்கு வேண்டியது அந்தத் திருகை மட்டும் திருப்புவது. இந்த வேறுபாடு தெரியாமல் கண்ணில் பட்ட 'அழி' பொத்தானை அழுத்தினால், ஒரு பிள்ளை மூன்று வாரம் வரைந்த படங்கள் போய்விடக்கூடும். அது மீட்க முடியாத இழப்பு. அதன்பின் அந்தப் பிள்ளை கணினியை நம்பாது.

டக்ஸ் பெயின்ட்: இரண்டு பொத்தான்கள்

பில் கென்ட்ரிக் 2002-இல் டக்ஸ் பெயின்ட்டை வெளியிட்டார். வரையும் திரைக்குள் அமைப்புகளை மாற்றும் பட்டியல் இல்லை. சிறுவர்கள் வரையும்போது தெரியாமல் எதையும் மாற்றிவிடக் கூடாது என்பதற்காக, அமைப்புகளுக்கென்றே டக்ஸ் பெயின்ட் கான்ஃபிக் என்ற தனி நிரல் தரப்பட்டுள்ளது. அதன் அடிப்பகுதியில் அப்ளை, ரீசெட், டீஃபால்ட்ஸ், குவிட் என்ற பொத்தான்கள் இருக்கும். நடுவில் உள்ள இரண்டும் ஒன்றுபோலத் தோன்றும், ஆனால் ஒன்றல்ல.

ரீசெட் என்பது, கடைசியாகச் சேமித்து வைத்திருந்த நிலைக்குத் திரும்புவது. இப்போது நாம் செய்து, இன்னும் சேமிக்காத மாற்றங்களை மட்டும் அது விலக்கும். டீஃபால்ட்ஸ் என்பது, மென்பொருளை உருவாக்கியவர் வைத்த நிலைக்கே திரும்புவது. நாம் எப்போதோ தேர்ந்தெடுத்த தமிழ் மொழியும் அப்போது விலகிவிடும். எந்தப் பொத்தானை அழுத்தினாலும் அப்ளை கொடுத்த பிறகுதான் மாற்றம் பதிவாகும். சேமித்த படங்கள் வேறொரு கோப்புறையில் இருப்பதால் இதனால் அவற்றுக்குப் பாதிப்பில்லை.

இன்னொரு வசதியையும் கவனியுங்கள். இந்த நிரலில் 'தற்போதைய பயனர்', 'எல்லாப் பயனர்கள்' என இரண்டு இடங்களில் அமைப்புகளை வைக்கலாம். பள்ளிக்கு வேண்டிய அமைப்புகளை எல்லாப் பயனர்களுக்கான இடத்தில் ஒருமுறை பதிந்துவிட்டால், ஒரு பயனரின் தேர்வுகள் மாறிப்போனாலும் பள்ளியின் அடிப்படை நிலை அப்படியே இருக்கும். இதற்குக் கணினியின் நிர்வாகக் கடவுச்சொல் தேவைப்படலாம். ஆய்வகப் பொறுப்பாளரின் உதவியோடு ஆண்டின் தொடக்கத்திலேயே செய்து வையுங்கள்.

டக்ஸ் மேத்: ஒரு கோப்பு

டக்ஸ் மேத்தில் வால்மீன்கள் கணக்குகளைச் சுமந்து விழும். சரியான விடையைத் தட்டச்சிட்டால் வால்மீன் வெடிக்கும், நகரம் காப்பாற்றப்படும். ஆர்கேட் பகுதியில் எளிய கூட்டலுக்கான ஸ்பேஸ் கேடட் முதல் கடினமான கமாண்டோ வரை படிகள் உண்டு. இந்தப் படியை ஒவ்வொரு முறையும் தேர்ந்தெடுக்க வேண்டும். ஆகவே, ஒரு பிள்ளை திகைத்து நின்றால் முதலில் பட்டியலுக்குத் திரும்பி எந்தப் படியில் இருக்கிறது என்று பாருங்கள். பெரும்பாலும் சிக்கல் அங்கேயே தீர்ந்துவிடும்.

'கஸ்டம்' ஆட்டம் வேறு வகை. எந்தச் செயலிகள் வர வேண்டும், எண்கள் எவ்வளவு பெரியவையாக இருக்கலாம், எவ்வளவு வேகம் என்பவற்றை ஓர் எழுத்துக் கோப்பில் மாற்றி வைக்கலாம். அந்த மாற்றம் நிலைத்துவிடும். அதைத் திரும்பப் பெற ஒரு பாதுகாப்பான வழி: கோப்பை அழிக்காமல், பெயரை மட்டும் மாற்றுங்கள். தனக்குரிய பெயரில் கோப்பு இல்லாதபோது நிரல் தன் இயல்பான மதிப்புகளோடு திறக்கும். பழைய கோப்பு மீண்டும் தேவைப்பட்டால் பெயரைத் திருப்பி வைத்தால் போதும். லினக்ஸ் கணினிகளில் இத்தகைய கோப்புறைகளின் பெயர் புள்ளியில் தொடங்குவதால் கண்ணுக்குத் தெரியாது. கோப்புறைச் சாளரத்தில் கன்ட்ரோல் விசையோடு எச் விசையை அழுத்தினால் அவை தென்படும்.

பெரிய விளையாட்டுகளிலும் இதே முறை எடுபடுகிறது. கணினியில் ஓடும் மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பில் அமைப்புகள் ஓர் எழுத்துக் கோப்பிலும், பிள்ளை கட்டிய உலகங்கள் தனிக் கோப்புறையிலும் இருக்கின்றன. முதலாவதை நீக்கினால் அது புதிதாக உருவாகிவிடும்; இரண்டாவதை நீக்கினால் உலகமே போய்விடும்.

செல்போன், டேப்லெட், விண்டோஸ், கன்சோல்

மற்ற கருவிகளிலும் 'திருக்கை மட்டும் திருப்புவது', 'எல்லாவற்றையும் துடைப்பது' என்ற இரு வழிகள் அருகருகே நிற்கின்றன.

• ஆண்ட்ராய்டு: செயலியின் சேமிப்பகப் பக்கத்தில் கேஷை அழிப்பது ஒன்று, தரவை அழிப்பது மற்றொன்று. கேஷை அழித்தால் தற்காலிகக் கோப்புகள் மட்டும் போகும், அமைப்புகள் மாறாது. தரவை அழித்தால் அமைப்புகளோடு, கருவியில் மட்டும் இருக்கும் மதிப்பெண்களும் சேமித்தவையும் சேர்ந்தே போகும். எனவே முதலில் செயலிக்குள்ளேயே மீட்டமைக்கும் வசதி இருக்கிறதா என்று தேடுங்கள்.

• ஐபோன், ஐபேடு: ஒரு செயலியின் தரவை மட்டும் அழிக்கும் பொதுவான பொத்தான் இல்லை. செயலியை நீக்கிவிட்டு மீண்டும் நிறுவ வேண்டும். 'ஆஃப்லோட்' செய்தால் செயலி போகும், தரவு தங்கிவிடும். அதனால் பழைய அமைப்பே திரும்ப வரும்.

• விண்டோஸ்: ஸ்டோரிலிருந்து நிறுவிய செயலிகளுக்கு ரிப்பேர், ரீசெட் என்ற இரண்டு பொத்தான்கள் உண்டு. ரிப்பேர் தரவைத் தொடாது. ரீசெட் தரவை அழித்துவிடும்.

• கன்சோல்கள்: பிளேஸ்டேஷன் 4-இல் இயல்பு அமைப்புகளை மீட்பது வேறு, இனிஷியலைஸ் செய்வது வேறு, பின்னது எல்லாவற்றையும் அழிக்கும். எக்ஸ்பாக்ஸில் விளையாட்டுகளை வைத்துக்கொண்டு மீட்டமைப்பது, அனைத்தையும் நீக்கி மீட்டமைப்பது என இரு தேர்வுகள் உள்ளன.

• இணையக் கணக்கோடு இணைந்த விளையாட்டுகள்: கணினியில் உள்ள கோப்பை நீக்கினாலும், ஸ்டீம் போன்ற தளங்கள் தங்கள் சேமிப்பிலிருந்து பழைய அமைப்பைத் திரும்ப இறக்கிவிடக்கூடும். 'அழித்தும் மாறவில்லை' என்று மாணவர்கள் சொன்னால் காரணம் இதுவாக இருக்கலாம்.

டக்ஸ் பெயின்ட்டின் ரீசெட் படங்களைத் தொடாது. விண்டோஸின் ரீசெட் தரவை அழிக்கும். ஒரே சொல், இரு பொருள். பொத்தானின் பெயரை நம்பாமல் அதன் கீழ் உள்ள விளக்கத்தைப் படிக்கும் பழக்கத்தை மாணவர்களுக்குக் கொடுப்பது நல்லது.

யாருடைய இயல்புநிலை?

மென்பொருளை உருவாக்கியவர் நம் வகுப்பைப் பார்த்தவர் அல்லர். அவர் வைத்த இயல்புநிலை நம் பிள்ளைகளுக்குப் பொருந்த வேண்டும் என்பதில்லை. திரை ஆங்கிலத்தில் இருக்கலாம். ஒரே அறையில் இருபது கணினிகளின் ஒலியும் சேர்ந்து எழலாம். எனவே நமக்கென்று ஓர் இயல்புநிலையை முடிவு செய்து எழுதிவைக்க வேண்டும்.

ஒவ்வொரு கணினியின் அருகிலும் ஓர் அட்டையை ஒட்டலாம். மொழி, ஒலி, திரை அளவு, தொடங்க வேண்டிய படி ஆகிய நான்கும் அதில் இருந்தால் போதும். கம்பெனியில் ஒப்புதல் பெற்ற சாம்பிள் பீஸை எதிரில் வைத்துக்கொண்டு தைப்பதுபோல, அட்டையைப் பார்த்துக் கணினியைச் சரிசெய்யலாம். பாடவேளையின் கடைசி மூன்று நிமிடங்களை இதற்கு ஒதுக்குங்கள். 'அடுத்து வருபவருக்குத் தயாராக வைத்துவிட்டு எழுவோம்' என்பது வகுப்பின் விதியாகட்டும்.

அட்டையில் மொழி என்ற இடத்தில் ஒரே விடை இருக்க வேண்டியதில்லை. டக்ஸ் பெயின்ட்டில் தமிழோடு இந்தி, ஒடியா உள்ளிட்ட மொழிகளும் உண்டு. புதிதாகச் சேர்ந்த பிள்ளை முதல் சில வாரங்கள் தன் மொழியில் வரையட்டும். பிறகு அதே படக்குறிகளைத் தமிழ்ச் சொற்களோடு பார்க்கட்டும். எந்தக் குறி எங்கே என்று ஏற்கெனவே தெரிந்திருப்பதால் சொல் எளிதில் ஒட்டிக்கொள்ளும்.

ஸ்கிராட்ச்: மீட்டமைப்பை எழுதிப் பார்த்தல்

பத்தாம் வகுப்பில் இதே கருத்தை ஒரு படி மேலே கொண்டுசெல்லலாம். ஸ்கிராட்சில் பூனையை வலப்பக்கம் நடக்கவைக்கும் நிரலை மாணவர்கள் எழுதட்டும். பச்சைக் கொடியை அழுத்தினால் பூனை நடந்து ஓரத்தில் நிற்கும். மீண்டும் கொடியை அழுத்தினால் பூனை பழைய இடத்துக்கு வராது. நின்ற ஓரத்திலேயே நிற்கும். மதிப்பெண்ணுக்கு ஒரு மாறி வைத்திருந்தால் அதுவும் போன ஆட்டத்தின் எண்ணிலிருந்தே தொடரும்.

ஏன் என்று கேளுங்கள். எங்கிருந்து தொடங்க வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை என்பதுதான் விடை. இப்போது பச்சைக் கொடித் தொகுதியின் கீழ் எக்ஸ் 0, ஒய் 0 இடத்துக்குச் செல்லும் கட்டளையையும், மதிப்பெண்ணை 0 ஆக்கும் கட்டளையையும் சேர்க்கச் சொல்லுங்கள். அடுத்து, திசையை 90, அளவை 100, முதல் உடை, காட்டு என ஒவ்வொன்றாகச் சேர்க்கட்டும். எதை விட்டுவிட்டால் ஆட்டம் எப்படிக் குழம்புகிறது என்பதை இரண்டு குழுக்கள் ஒன்றையொன்று சோதித்துக் கண்டுபிடிக்கலாம். டீஃபால்ட் என்பது தானாக இருப்பதன்று, யாரோ ஒருவர் முடிவெடுத்து எழுதியது என்பது அப்போது அவர்களுக்கே புரியும்.

மாற்றிப் பார்ப்பது குற்றமன்று

அமைப்பு மாறியிருந்தால் 'யார் கெடுத்தது?' என்று கேட்பது நம் வழக்கம். அந்தக் கேள்வியால் அடுத்த வாரம் பிள்ளைகள் சுட்டியைத் தொடவே தயங்குவார்கள். அதிலும் வீட்டில் கணினியே பார்த்திராத பிள்ளைதான் முதலில் ஒதுங்கும். திரும்பும் வழி தெரிந்த வகுப்பில் இந்தப் பயத்துக்கு இடமில்லை. 'என்ன மாற்றினாய்? எப்படித் திருப்பலாம்?' என்று கேளுங்கள். மாற்றியவரே திருப்பிக் காட்டட்டும்; மற்றவர்கள் பார்த்துக் கற்றுக்கொள்வார்கள்.

இந்த வாரம் தொடங்குவதற்கு ஒரே ஒரு வேலை போதும். உங்கள் பள்ளியில் அதிகம் பயன்படும் ஒரு விளையாட்டு மென்பொருளைத் திறந்து, அதன் அமைப்புகள் எங்கே இருக்கின்றன, பிள்ளைகளின் படைப்புகள் எங்கே சேமிக்கப்படுகின்றன என்று பார்த்து, படைப்புகளைப் பென்டிரைவில் ஒரு படி எடுத்துவிடுங்கள். அதன் பிறகு எந்தப் பொத்தானையும் அச்சமின்றி அழுத்திப் பார்க்கலாம்.