சிலிண்டர் வரும் வழி

சின்னாளப்பட்டியில் சுங்குடி போடுகிற வீடானாலும் தறி ஓடுகிற வீடானாலும் அடுப்படியில் நிற்பது ஒரே சிவப்புச் சிலிண்டர்தான். தீர்ந்ததும் போனில் புக் செய்கிறோம். அது எந்தக் கடலைத் தாண்டி வருகிறது என்று கேட்பதில்லை.

இந்த மாதிரிக் கேள்விகளைக் கேட்பதையே வாழ்நாள் வேலையாக வைத்திருந்தவர் கே. சுப்ரமணியம். 1929-ல் திருச்சியில் பிறந்த ஐ.ஏ.எஸ். அதிகாரி, 1968-ல் டெல்லி பாதுகாப்பு ஆய்வு நிறுவனத்தின் இயக்குநரானவர். இந்தியாவுக்கு அணுகுண்டு வேண்டும் என்று அவர் வாதாடியதைத்தான் எல்லோரும் பேசுவார்கள். எனக்குப் பெரிதாகப் படுவது கார்கில் அறிக்கை.

1999 மே மாதம் கார்கில் மலையில் ஊடுருவியவர்களைப் பற்றி ராணுவத்துக்கு முதலில் சொன்னவர்கள் கால்நடை மேய்ப்பவர்கள். போரில் 500-க்கும் மேற்பட்ட இந்திய வீரர்கள் மாண்டார்கள். அந்த ஜூலையில் சுப்ரமணியம் தலைமையில் நால்வர் குழு அமைக்கப்பட்டது. 2000 பிப்ரவரியில் அறிக்கை நாடாளுமன்றத்துக்கு வந்தது. அது சொன்னது இதுதான்: தகவல் அறவே இல்லாமல் போகவில்லை. ஆளுக்கொரு துண்டாகப் பல துறைகளிடம் கிடந்தது. சேர்த்துவைத்துப் பார்க்கத்தான் ஏற்பாடில்லை. அதைத் தொடர்ந்து 2001-ல் அமைச்சர்கள் குழு பரிந்துரைத்த முப்படைத் தலைமைத் தளபதி பதவிக்கு ஆள் வந்தது 2020 ஜனவரியில்!

எரிவாயு விஷயத்திலும் துண்டுகள் அப்படித்தான் கிடக்கின்றன.

2024-25-ல் நாடு எரித்த சமையல் எரிவாயு சுமார் 3.1 கோடி டன். அதில் ஏறத்தாழ 60 சதவீதம் இறக்குமதி. இறக்குமதியில் பத்தில் ஒன்பது பங்கு வளைகுடா நாடுகளிலிருந்து, பெரும்பாலும் ஹோர்முஸ் நீரிணை வழியாக. அந்த நீரிணை இடுங்குகிற இடத்தில் அகலம் 40 கிலோமீட்டர்கூட இல்லை. சின்னாளப்பட்டியிலிருந்து மதுரை அதைவிடத் தூரம். 2025 ஜூனில் இஸ்ரேலுடனான சண்டையின்போது, நீரிணையை மூடலாம் என்று ஈரான் நாடாளுமன்றம் ஒப்புதல் தந்தது.

கையிருப்பையும் பார்த்துவிடலாம். கச்சா எண்ணெய்க்கு விசாகப்பட்டினம், மங்களூரு, பாதூர் மூன்றிலும் நிலத்தடிக் கிடங்குகள், கொள்ளளவு 53.3 லட்சம் டன். சமையல் எரிவாயுவுக்கோ விசாகப்பட்டினத்தில் 60,000 டன், மங்களூருவில் 80,000 டன் குகைகள். நாளொன்றுக்கு நாடு எரிப்பது சுமார் 85,000 டன். இரண்டு குகையும் நிரம்பியிருந்தாலும் இரண்டு நாளுக்குக் காணாது. துறைமுகத் தொட்டிகளையும் சிலிண்டர் நிரப்பும் நிலையங்களையும் கூட்டினாலும் வாரக் கணக்குத்தான், மாதக் கணக்கு ஆகாது.

கடல் மட்டுமா? 2025 மார்ச் கடைசியில் தென்மாநில எரிவாயு டேங்கர் லாரி உரிமையாளர்கள் சில நாள் வண்டியை நிறுத்தினார்கள். அந்தச் சில நாளுக்கே பதற்றம். பெட்ரோலிய அமைச்சகம், கப்பல் துறை, கடற்படை, லாரிச் சங்கம் எனத் துண்டுகள் வேறுவேறு மேசைகளில்.

ஒன்றும் செய்யவில்லை என்று சொல்ல முடியாது. 2026-க்கு அமெரிக்காவிலிருந்து 22 லட்சம் டன் வாங்க அரசு எண்ணெய் நிறுவனங்கள் ஒப்பந்தம் போட்டன. மொத்த இறக்குமதியில் அது பத்தில் ஒரு பங்குதான். கப்பல் வந்துசேர ஒரு மாதத்துக்கு மேல் ஆகும்.

நம்மூரில் எத்தனையோ வீடுகளில் விறகடுப்பு இருந்த மூலையில் இப்போது ஃபிரிட்ஜ் நிற்கிறது.