கட்டணத் தடையும் காலமும்

உரிமை வழக்குத் தொடுப்போர் வழக்குரையுடன் நீதிமன்றக் கட்டணத்தையும் செலுத்துதல் வேண்டும் என்பதை நேயர்கள் அறிவீர்கள். கட்டணம் வழக்கின் மதிப்பைப் பொறுத்தது; மதிப்பைக் குறிப்பவரோ வாதி. அவர் குறைத்துக் குறித்துவிட்டார் என்று பிரதிவாதி கருதினால், அத்தடையை எப்பொழுது எழுப்ப வேண்டும்? பல குடும்பங்களின் பொருளையும் காலத்தையும் விழுங்கும் இவ்வினாவை இன்று சற்று விளக்க விரும்புகிறேன்.

சிதம்பரத்தை அடுத்த சிற்றூர் ஒன்றில், தந்தை விட்டுச்சென்ற நன்செய்யில் தம் பங்கைக் கேட்டு, தங்கை ஒருவர் தமையன்மீது பாகப் பிரிவினை வழக்குத் தொடுப்பதாகக் கொள்வோம். பங்கின் சந்தை மதிப்பு 8,00,000 ரூபாய். நிலம் இருவருடைய கூட்டு அனுபவத்தில் இருந்தால், 1955ஆம் ஆண்டின் நீதிமன்றக் கட்டணம் மற்றும் வழக்கு மதிப்பீட்டுச் சட்டம் 37ஆம் பிரிவின்படி வரையறுத்த நிலையான கட்டணமே போதும். தங்கை அனுபவத்தினின்று விலக்கப்பட்டவரானால், பங்கின் சந்தை மதிப்பின்மீது நூற்றுக்கு 3 வீதம் 24,000 ரூபாய் கட்டவேண்டும். 2017ஆம் ஆண்டுத் திருத்தத்துக்கு முன்னர் வீதம் 7.5, அக்கணக்கில் 60,000 ரூபாய். ‘கூட்டு அனுபவம்’ என்னும் இரண்டு சொற்களில் இத்தனை பணம் அடங்கியிருக்கிறது.

“மணமாகிப் போனவளுக்கு அனுபவம் ஏது? கட்டணம் போதாது” என்று தமையன் வாதிடலாம். அவ்வாதத்துக்கு உரிய காலத்தை 12ஆம் பிரிவு வகுத்திருக்கிறது. வழக்கின் முதல் விசாரணைக்கு முன்னரோ, வழக்கின் தகுதி பற்றிய சாட்சியம் பதிவாவதற்கு முன்னரோ தாக்கல் செய்யும் எதிர்வழக்குரையில் அதைக் கூறவேண்டும். எழுவினாக்கள் வகுக்கப்பட்ட பின்னர் சேர்க்கப்பட்ட பிரதிவாதிக்கு மட்டும் சட்டம் விலக்களிக்கிறது. தடை எழுந்தால், சாட்சியத்துக்குச் செல்லுமுன் நீதிமன்றம் அதை முடிவு செய்யவேண்டும். குறைவு உண்டெனக் கண்டால், வழக்குரையைத் திருத்திக் குறைவுத் தொகையைச் செலுத்த நாள் குறிக்கும். அந்நாளுக்குள் செலுத்தாவிடில் வழக்குரை தள்ளப்படும்.

ஏன் இந்தக் கண்டிப்பு? தொடக்கத்திலேயே குறைவு தெரிந்தால், அத்தங்கை பணம் திரட்டலாம். வறியவரானால் கட்டணமின்றி வழக்காட உரிமையியல் நடைமுறைத் தொகுப்பின் 33ஆம் கட்டளைப்படி அனுமதி வேண்டலாம். சாட்சிகளை அழைத்து, செலவு செய்து, ஆண்டுகள் கழிந்தபின் அத்தடை வருமாயின் பட்ட பாடெல்லாம் வீண். மதிப்பு உயர்ந்தால் முன்சீப் மன்றத்து வழக்கு சார்பு நீதிமன்றத்துக்கோ, கடலூரைத் தலைமையிடமாகக் கொண்ட மாவட்ட நீதிமன்றத்துக்கோ செல்லவும் நேரிடலாம். 1954இல் கிரண் சிங் வழக்கில், மதிப்பீட்டுப் பிழையால் மன்றம் மாறியது என்பது மட்டுமே தீர்ப்பைக் குலைக்கப் போதாது, உண்மையான பாதகம் நேர்ந்திருக்கவேண்டும் என்று உச்சநீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

ஒன்றை மறத்தலாகாது. பிரதிவாதி காலம் தவறினார் என்பதால் அரசுக்குரிய கட்டணம் மறைந்துவிடாது. மேல்முறையீட்டு மன்றம் தானாகவே அதை ஆராயலாம். கட்டணப் பரிசோதகர்களும் பதிவேடுகளைப் பார்வையிடுவர். ஆனால் அது அரசுக்கும் வாதிக்கும் இடைப்பட்ட கணக்கு. ரத்னவர்மராஜா எதிர் விமலா வழக்கில், இதே சட்டத்தைக் குறித்து 1961இல் உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பின் சாரம் இதுவே: கட்டணச் சட்டம் அரசின் வருவாய்க்காக ஏற்பட்டது, எதிராளி விசாரணையைத் தடுக்கும் ஆயுதமாக அதைக் கொள்ளலாகாது.

நம் தங்கைக்கு ஆறுதலும் உண்டு. 1980இல் நீலாவதி எதிர் நடராஜன் வழக்கில், 37ஆம் பிரிவைப் பற்றியே உச்சநீதிமன்றம் கூறியது: கூட்டு உரிமையாளர் ஒருவரின் அனுபவம், விலக்கம் நிலைநாட்டப்படாத வரையில், சட்டத்தின் கண்ணில் அனைவருடைய அனுபவமுமாகும். கட்டணத்தைத் தீர்மானிக்க வழக்குரையை முழுமையாகப் படித்துப் பார்த்தல் வேண்டும்.

ஆகவே அழைப்பாணை பெற்றவர் வழக்குரையின் மதிப்பீட்டுப் பகுதியை முதலில் படிக்கட்டும். குறை கண்டால் எதிர்வழக்குரையிலேயே காரணத்துடன் கூறட்டும். வாதியும் சொத்து யார் அனுபவத்தில் உள்ளது என்பதை உள்ளபடியே எழுதட்டும். இருவரும் இதைச் செய்தால், நீதிபதியின் நேரம் நிலத்தின் உரிமையை ஆராய்வதற்கே பயன்படும்.