முக்கால் வட்டிக் கடன் எப்படி இரட்டிப்பாகிறது? வீட்டுக் கடனின் உண்மையான விலை

செஞ்சிப் பக்கம் வட்டியை வருஷக் கணக்கில் பேச மாட்டோம். 'நூத்துக்கு ரெண்டு ரூபா வட்டி', 'ஒண்ணரை வட்டி' என்று மாதக் கணக்கில்தான் பேச்சு. ரெண்டு வட்டி என்றால் வருஷத்துக்கு 24%. அந்தக் கணக்கில் பார்த்தால் 9% வீட்டுக் கடன் என்பது நூத்துக்கு 75 பைசா, அதாவது முக்கால் வட்டி. இவ்வளவு மலிவாக ஊரில் யார் கடன் கொடுப்பார்கள்?

ஆனால் ரெண்டு வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கி ஒரே வருஷத்தில் திருப்பிக் கொடுத்தால் வட்டி 24,000. முக்கால் வட்டி வீட்டுக் கடனை 20 வருஷம் கட்டினால், ஒவ்வொரு லட்சத்துக்கும் வட்டி மட்டும் ஏறக்குறைய 1,16,000. மலிவான கடனுக்கு ஏன் இவ்வளவு? விடை ஒரே வார்த்தைதான்: காலம். வட்டி விகிதத்துக்காக நாலு வங்கி ஏறி இறங்கி பேரம் பேசுகிறோம். காலத்தை மட்டும் விண்ணப்பத்தில் போகிறபோக்கில் நிரப்பிவிட்டு மறந்துவிடுகிறோம். இந்தக் கட்டுரை அந்தக் காலத்தைப் பற்றியது.

இ.எம்.ஐ. உள்ளே என்ன நடக்கிறது?

எடுத்துக்காட்டுக்கு 30 லட்சம் கடன், 9%, 20 வருஷம். மாதத் தவணை 26,992 ரூபாய். கணக்கு ரொம்ப எளிது. மிச்சமிருக்கும் அசலை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுத்தால் இந்த மாத வட்டி வரும். தவணையில் வட்டி போக மீதிதான் அசலைக் குறைக்கும்.

முதல் மாதம்: 30 லட்சம் × 9 ÷ 1200 = 22,500 வட்டி. அசலுக்குப் போவது 4,492 ரூபாய் மட்டும். முதல் வருஷம் முழுக்க 3,23,900 ரூபாய் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 56,000 சொச்சம். பத்து வருஷம் கழித்தும், அதாவது பாதிக் காலம் முடிந்தும், பாக்கி 21.3 லட்சம். அசல் பாதியாகக் குறைவதற்கு 14 வருஷம் ஆகும்.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. யார் கையில் எவ்வளவு பணம் எத்தனை நாள் இருக்கிறதோ அதற்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். 20 வருஷத்தில் மொத்தம் கட்டுவது 64.78 லட்சம். இதில் 34.78 லட்சம் வட்டி.

இப்போது காலத்தை மட்டும் மாற்றிப் பார்ப்போம். கடனும் விகிதமும் அதேதான்.

15 வருஷம்: தவணை 30,428. மொத்த வட்டி 24.8 லட்சம்.
20 வருஷம்: தவணை 26,992. மொத்த வட்டி 34.8 லட்சம்.
30 வருஷம்: தவணை 24,139. மொத்த வட்டி 56.9 லட்சம்.

20-லிருந்து 30-க்குப் போனால் தவணை குறைவது மாதம் 2,850 ரூபாய்தான். அதற்குக் கொடுக்கும் விலை கூடுதலாக 22 லட்சம். 'தவணை கம்மியா இருக்கே' என்று சந்தோஷப்படும் இடம் இதுதான்.

இரட்டிப்பானால் கடன் முடிந்தது: 1938 சட்டம்

கடன் இரட்டிப்பாவது பற்றிய கவலை புதிதல்ல. வட்டி அசலை மிஞ்சக் கூடாது என்ற விதி மனுஸ்மிருதி காலத்திலிருந்தே இருக்கிறது. 'தாம்துப்பட்' என்ற பெயரில் பம்பாய் மாகாணத்து நீதிமன்றங்கள் அதைக் கடைப்பிடித்தன. நம் பக்கத்தில் அது சட்டமாக வந்தது ராஜாஜி அமைச்சரவையின்போது. 1938-ஆம் ஆண்டின் 4-ஆவது சட்டமான சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் அது. 1932 அக்டோபர் 1-க்கு முன் வாங்கிய கடனில், விவசாயி அசலும் வட்டியுமாக அசலைப் போல இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால், அந்தக் கடன் அசலோடு சேர்த்துத் தீர்ந்ததாகக் கருதப்படும். அப்போது தென்னாற்காடு மாவட்டத்தில் இருந்த செஞ்சி வட்டாரத்து விவசாயிகளுக்கும் இது பொருந்தியது.

அந்த அளவுகோலை நம் 30 லட்சம் கடனில் வைத்துப் பாருங்கள். 223-ஆவது தவணையில், அதாவது பதினெட்டரை வருஷத்தில், நீங்கள் கட்டியது 60 லட்சத்தைத் தாண்டிவிடும். 1938 விதிப்படி அன்றே கணக்கு முடிந்தது. இன்றைய விதிப்படி இன்னும் 17 தவணை பாக்கி.

ஆனால் 64.78 லட்சம் முழு உண்மையும் அல்ல

இந்த மொத்தத்தைக் காட்டி 'கடனே வாங்காதீங்க' என்று பயமுறுத்துபவர்கள் ஒன்றை விட்டுவிடுகிறார்கள். 20 வருஷம் கழித்துக் கொடுக்கும் ரூபாயும் இன்றைய ரூபாயும் ஒன்றல்ல. பணவீக்கம் 5% என்று வைத்தால், கடைசித் தவணையான 26,992 ரூபாயின் மதிப்பு இன்றைய 10,000 ரூபாய் அளவுதான். எல்லாத் தவணைகளையும் அப்படி இன்றைய மதிப்புக்கு மாற்றிக் கூட்டினால் சுமார் 40.9 லட்சம் வருகிறது. ஆக 30 லட்சத்தைப் பயன்படுத்த இன்றைய காசில் 11 லட்சம் போலக் கூடுதலாகக் கொடுக்கிறோம். அதோடு வாடகையும் மிச்சம். இது நியாயமான கணக்கு.

இதன் பக்கத்திலேயே மற்றச் செலவுகளையும் எழுதிக்கொள்ள வேண்டும். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தாள் 7%, பதிவுக் கட்டணம் 2%. கடனுக்காகப் பத்திரத்தை அடமானம் வைக்கும் ஆவணத்துக்குத் தனிக் கட்டணம். அது போகப் பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்துரை. இதில் கவனிக்க வேண்டியது கடனோடு சேர்த்துத் தரும் ஆயுள் காப்பீடு. அதன் பிரீமியத்தைக் கடன் தொகையிலேயே ஏற்றிவிட்டால், 60,000 ரூபாய் பிரீமியத்துக்கு 20 வருஷத்தில் 1,29,500 கட்டுவீர்கள். காப்பீடு தேவைதான். தனியாக டேர்ம் பாலிசி எடுத்து ஒப்பிட்டுப் பாருங்கள்.

வருமான வரிச் சலுகையையும் பெரிதாக நம்ப வேண்டாம். பழைய முறையில் சொந்தக் குடியிருப்புக்கு வட்டியில் வருஷத்துக்கு 2 லட்சம் வரைதான் கழிவு. புதிய முறையில் அந்தக் கழிவு கிடையாது.

காலம் சத்தமில்லாமல் நீளும்

இதுவரை பார்த்தது விகிதம் மாறாத கணக்கு. நம் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டன. 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆனது. கடன் வட்டியும் கூடவே ஏறியது.

என் அத்தை மகன் ஒருவர் செஞ்சியில் அரசுப் பள்ளி ஆசிரியர். 2021-ல், 40 வயதில், வீடு கட்ட 30 லட்சம் கடன் வாங்கினார். 7% வட்டி, 20 வருஷம், தவணை 23,259. அந்த வருஷம்தான் தமிழக அரசு ஊழியர்களின் ஓய்வு வயது 60 ஆனது. கடனும் வேலையும் ஒரே வருஷத்தில் முடியும் என்று கணக்குப் போட்டுத்தான் கையெழுத்துப் போட்டார்.

வட்டி ஏறியபோதெல்லாம் குறுஞ்செய்தி வந்தது. தவணை மட்டும் மாறவே இல்லை. "பிடிக்கிற பணம் அப்படியேதானேப்பா இருக்கு?" என்று நிம்மதியாக இருந்தார். 2023-ல் இருவரும் உட்கார்ந்து கணக்குப் பார்த்தோம். எளிமைக்காக, இரண்டு வருஷம் முடிந்ததும் விகிதம் ஒரே தடவையில் 9.5% ஆனதாக வைத்துக்கொள்ளுங்கள். அப்போது பாக்கி 28.52 லட்சம். ஒரு மாத வட்டி 22,579. தவணை 23,259. அசலுக்குப் போவது 680 ரூபாய்!

அதே தவணையில் தொடர்ந்தால் இன்னும் 448 மாதம், அதாவது 37 வருஷம் ஆகும். அப்போது அவருக்கு 79 வயது. நடைமுறையில் வங்கி அவ்வளவு தூரம் நீட்ட விடாது. வயது வரம்பு, கால வரம்பு உண்டு. அதைத் தொட்டதும் தவணை ஏறும். ஆனால் அது வரைக்கும் போன மாதங்கள் வட்டிக்கே போனவை. 60 வயதிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையை 27,606 ஆக்க வேண்டியிருந்தது. மாதம் 4,347 கூடுதல்.

அவருக்கு அது சுலபமான முடிவு இல்லை. பெண்ணின் கல்லூரிச் செலவு பக்கத்தில் நின்றது. ஓய்வுக்குப் பிறகு கடன் கட்டுவதா, இப்போது வயிற்றைக் கட்டுவதா என்று இரண்டு வாரம் வீட்டில் பேச்சு. கடைசியில் எழுதிக் கொடுத்துத் தவணையைக் கூட்டினார். 2025-ல் ரெப்போ படிப்படியாக இறங்கி டிசம்பரில் 5.25 ஆனது. தவணையைக் குறைக்காமல் அப்படியே விட்டுவிட்டார். அதே எளிமையான கணக்கில், நாலாம் வருஷ முடிவில் விகிதம் 8.25% ஆனதாக வைத்தால், கடன் 60 வயதுக்குச் சுமார் 2 வருஷம் 3 மாதம் முன்னதாகவே முடிகிறது. ஏறும்போது தவணையைக் கூட்டுவது, இறங்கும்போது காலத்தைக் குறைப்பது. அவ்வளவுதான் ரகசியம்.

என்ன உரிமைகள் இருக்கின்றன?

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி இதற்காகவே ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. விகிதம் மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை தரும் அறிக்கையில் இதுவரை கட்டிய அசல், வட்டி, மிச்சமுள்ள தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் இருக்க வேண்டும்.

தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்ட வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதலே விதி. இதன் பலனைப் பாருங்கள். முதலில் சொன்ன 9% கடனில், முதல் வருஷ முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் 19 தவணைகள் குறையும். சுமார் 5.1 லட்சம் கட்ட வேண்டியதில்லை. அதே லட்சத்தை 15-ஆவது வருஷம் கட்டினால் ஆறு தவணைதான் குறையும். இரண்டிலும் உங்கள் பணம் சம்பாதிப்பது அதே 9%தான். முதலில் கட்டிய லட்சம் அதிக வருஷம் வேலை செய்கிறது. பெரிய தொகை முடியாதவர்கள் வருஷம் ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் 20 வருஷக் கடன் பதினாறரை வருஷத்தில் முடியும். மிச்சமாகும் வட்டி சுமார் 7 லட்சம்.

ஒரு எச்சரிக்கை. கையில் இருப்பதையெல்லாம் வழித்துக் கடனில் போடாதீர்கள். சுல்பிகர் கான் 1690-லிருந்து 1698 வரை முற்றுகையிட்ட செஞ்சிக் கோட்டைக்கு உள்ளேயே நெற்களஞ்சியமும் குளங்களும் உண்டு. நமக்கும் ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியாக இருக்கட்டும். ரெண்டு வட்டிக் கைமாத்து பாக்கி இருந்தால் முதலில் அதை அடையுங்கள். 24% கடனை வைத்துக்கொண்டு 9% கடனைக் குறைப்பதில் அர்த்தமில்லை.

கடன் முடிந்த பிறகும் ஒரு வேலை உண்டு. 2023 டிசம்பர் 1 முதல், முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். நிறுவனத்தின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரம் கைக்கு வந்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிந்து, வில்லங்கச் சான்றில் அந்த அடமானம் தீர்ந்ததாக ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் பிள்ளைகள் வீட்டை விற்கப் போகும்போது அலைய வேண்டியிருக்கும்.

இன்று இரவே செய்யக்கூடிய சோதனை ஒன்று. கடன் அறிக்கையை எடுத்து, பாக்கி அசலை விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுங்கள். அந்த வட்டி உங்கள் தவணையில் எவ்வளவு சாப்பிடுகிறது? 20 வருஷக் கடன் 9% வட்டியில் முதல் மாதமே 83%தான் சாப்பிடும். உங்களுடையது 90-ஐத் தாண்டினால் கடன் நகரவே இல்லை என்று அர்த்தம். அடுத்த நாள் காலையில் வங்கிக்குப் போய், 'வட்டி எவ்வளவு?' என்று கேட்பதற்கு முன் 'இன்னும் எத்தனை மாசம் பாக்கி?' என்று கேளுங்கள்.