புளிப்பும் இனிப்பும்

சங்கரன்கோயிலில் சிவமும் திருமாலும் ஒரே திருமேனியிற் பாதி பாதியாய் விளங்குகின்றனர். சங்கன், பதுமன் என்னும் நாகர் இருவர் தத்தம் தெய்வமே பெரிதென வாதிட, கோமதியம்மை தவமிருந்து அத்திருக்காட்சியைப் பெற்றனள் என்பது தலபுராணம். ஆடித்தபசு அதனை ஆண்டுதோறும் நினைவூட்டுகின்றது.

வேறுபட்ட இரண்டு ஒன்றாதல் மக்கள் வாழ்வில் எளிதோ? இவ்வினாவை நகைச்சுவையோடு ஆராய்வது, பாசு சட்டர்ஜி 1978-இல் இயக்கிய 'கட்டா மீட்டா' என்னும் இந்திப் படம். புளிப்பும் இனிப்பும் என்பது அப்பெயரின் பொருள். அவருடைய 'ரஜனிகந்தா' (1974) பெற்ற புகழை இது பெற்றிலது.

அசோக்குமார் நடிக்கும் பார்சியர் மனைவியை இழந்தவர், புதல்வர் நால்வர். பேர்ள் பதம்சி நடிக்கும் கைம்பெண்ணுக்கு மக்கள் மூவர். இளமை கடந்தபின் இருவரும் மணக்கின்றனர். காதலுக்குத் தடை செய்வோர் வழக்கமாகப் பெற்றோர், ஈண்டோ பிள்ளைகள்! ஒரே கூரையின்கீழ் எழுவரும் இடும் பூசலே நகைக்கு நிலைக்களன்.

அந்நகையின் அடியில் உண்மையொன்று உண்டு. பிள்ளைகளின் மணத்தைப் பற்றி ஓயாது பேசும் நாம், பெற்றோரின் தனிமையைப் பற்றி வாய் திறப்பதில்லை. அவர் துணை நாடினாலோ எள்ளுகின்றோம். விடுமுறையில் இல்லம் செல்லும் மாணவ நண்பர்காள்! தனித்திருக்கும் தாய்தந்தையர் உளரேல், அவர்தம் உள்ளத்தையும் ஒருகால் வினவுமின்.