பதினான்கு வருஷப் படம்

டீயைக் குடித்துக்கொண்டே கேள் தம்பி. ஆவணப்படம் எடுத்துப் பிழைக்க முடியுமா, அதுவும் இல்லாதப்பட்டவர்களைப் பற்றி எடுத்து, என்று கேட்டாய். ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தன் என்ன செய்தார் என்று சொல்கிறேன்.

1985இல் வந்த அவருடைய படம் ‘ஹமாரா ஷஹர்’, அதாவது ‘நம் நகரம்’; பம்பாயைப் பற்றியது. நடைபாதைக் குடிசைகளை மாநகராட்சி பிரித்தெறிந்துகொண்டிருந்த காலம். கேமராவோடு போனவரை ஒரு பெண் மறிக்கிறாள். எங்களைப் படம் பிடித்து நீங்கள் பேர் வாங்குவீர்கள், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்கிற கோபம். நானாக இருந்தால் எடிட்டிங்கில் அதை வெட்டியிருப்பேன். அவர் படத்திலேயே வைத்தார். படத்துக்குத் தேசிய விருதும் கிடைத்தது. அந்தப் பெண்ணின் கேள்விக்கு விருது பதிலாகாது.

அதே படத்தில் விலாஸ் கோக்ரே பாடியிருப்பார். தலித் பாடகர், இடதுசாரி மேடைகளில் பாடியவர், குடிசைப் பகுதியில் வாழ்ந்தவர். 1997 ஜூலை 11 அன்று மும்பை காட்கோபரில், ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டிருந்தார்கள். திரண்ட மக்கள்மீது போலீஸ் சுட்டதில் பத்துப் பேர் செத்தார்கள். சில நாளில் கோக்ரே தன் குடிசையிலேயே தூக்கில் தொங்கினார்.

தன் படத்துக்குப் பாடிக்கொடுத்த மனிதன். பட்வர்தன் அங்கிருந்துதான் ‘ஜெய் பீம் காம்ரேட்’ படத்தைத் தொடங்கினார். துப்பாக்கிச் சூட்டு வழக்கு நகர்ந்த வேகத்தில் அவரும் நகர்ந்தார். திரும்பத் திரும்ப அந்தத் தெருக்களுக்குப் போனார், பாடகர்களைத் தேடினார், துப்புரவுத் தொழிலாளர்களோடு உட்கார்ந்து பேசினார். பதினான்கு வருஷம். மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடுகிற படம் அது. ஒரு நொடியும் எனக்கு நீளமாகப் படவில்லை.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். இப்படிப் படம் எடுப்பவருக்கு முதலாளி இல்லை. பெரும்பாலும் தானே தயாரிப்பாளர், தானே கேமரா, தானே எடிட்டிங். தியேட்டர் வசூலை நம்பவே முடியாது. டிவிடி, கல்லூரித் திரையிடல், வெளிநாட்டு விழா என்று சிறுகச் சிறுக வருவதுதான். எடுத்த படத்தைக் காட்டுவதற்குத் தனியாக ஒரு போராட்டம் வேண்டும். பட்வர்தனின் ‘போரும் அமைதியும்’ படத்தை வெட்டச் சொன்னது தணிக்கை வாரியம். 2003இல் பம்பாய் உயர் நீதிமன்றம் வெட்டில்லாமல் விட்டது. தொண்ணூறுகளில் எடுத்த இன்னொரு படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்ப வேண்டுமென்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2006இல். ஆகவே கேமரா வாங்கும்போதே நல்ல வக்கீல் ஒருவரின் நட்பையும் சம்பாதித்துக்கொள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

இவ்வளவுக்கும் நடுவில் ஒன்றைப் பார். பதினான்கு வருஷப் படம் முடிந்ததும், 2012இல், அதை மும்பை பைகுலாவில் பி.ஐ.டி. சாலுக்கு எடுத்துப் போனார். உழைக்கும் தலித் குடும்பங்கள் வாழும் குடியிருப்பு அது. படத்தில் இருப்பவர்களின் சொந்த ஜனம் உட்கார்ந்து பார்த்தது. மறித்துக் கேட்ட அந்தப் பெண்ணுக்கு அவர் சொல்லிக்கொண்டே இருக்கிற பதிலாகத்தான் அந்தத் திரையிடலை நான் நினைக்கிறேன்.